பின்பக்கமாக நடந்து பார்த்த கோடுகள்

எண்பதுகளில் ஆரணியில் நான் இயற்பியல் வாத்தியார். ஒரு சாயங்காலம், லாந்தர் புகையில் கறுப்பாக்கிய கண்ணாடித் துண்டில், இரண்டு பிளேடுகளைச் சேர்த்துப் பிடித்து நெருக்கமாக இரண்டு கீறல் போட்டேன். அதைக் கண்ணில் ஒட்டிக்கொண்டு சோடாக்கடையின் பால்நிற பல்பைப் பார்த்தேன். இரண்டு கீறல் வழியாக வரும் ஒளி அலைகள் கலந்து வெளிச்சமும் இருட்டுமாகக் கோடுகள் தெரிய வேண்டும்; தெரியவில்லை. பல்பு கிட்டே இருந்தால் அதன் ஒவ்வொரு பகுதியின் ஒளியும் தனித்தனியாகக் கோடு போட்டு, ஒன்றையொன்று அழித்துவிடும். தள்ளிப்போனால் பல்பு சிறுத்து, கோடுகள் ஒன்றோடொன்று பொருந்தும். அதனால் கண்ணாடியை எடுக்காமல் பின்பக்கமாகவே நடந்தேன். கூட வந்த மனைவி லாரி கிளீனர் மாதிரி குரல் கொடுத்தாள்.

"வரலாம், வரலாம்... ஐயோ, எருமை நிக்குதுங்க, லெப்ட்ல ஒடிங்க!"

கோடுகள் தெரிந்தபோது நான் எருமைமேல் சாய்ந்திருந்தேன்.

அவ்வழியே வந்த பட்டுக்கடைக்காரர், "இன்னாங்க வாத்தியாரே பாத்துகினு இருக்கீங்க?" என்று கண்ணாடியை வாங்கிக் கரிப் பக்கத்தைக் கண்ணில் அழுத்தினார். "அட, கோடு கோடா இருக்குதே! சரி, களம்பூர்ல பையனுக்குப் பொண்ணு பாக்கணும், ஜல்தியா போணும்" என்று ஓடினார். அவர் கண்ணைச் சுற்றிக் கரி வட்டம். நாங்கள் கவனித்துக் கூப்பிடுவதற்குள் ஆள் மறைந்துவிட்டார்.

பஸ் ஸ்டாண்டில் காத்திருந்த அவர் மகன் கரியைப் பார்த்தும் சொல்லவில்லை. கல்யாணமே வேண்டாம் என்றிருந்தவன், காரியம் கெட்டால் நல்லது என்று நினைத்தானாம். களம்பூரில் காபி கொண்டுவந்த பெண் அவரைப் பார்த்து, தட்டைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள். அந்தச் சிரிப்பில் மகன் விழுந்துவிட்டான். கட்டினால் இவளைத்தான் என்றான்.

பெண் எதற்குச் சிரித்தாள் என்பது, வீட்டுக்கு வந்து முகம் கழுவும்வரை பட்டுக்கடைக்காரருக்கு மட்டும் தெரியாது. தையில் கல்யாணம்.