கவ்வாத்துக் கத்தியும் கோர்ட்டு உத்தரவும்

என் அப்பா கவ்வாத்து வெட்டுவதில் கெட்டிக்காரர். அவர் வெட்டிய மலையில் தேயிலைச் செடிகள் முழங்கால் உயரத்துக்கு ஒரே மட்டமாக நிற்கும். நான் சாதி மாறிக் கல்யாணம் கட்டிய மறுநாள், அந்தக் கவ்வாத்துக் கத்தியைத் தூக்கிக்கொண்டுதான் வரிசை வீடுகளான எங்கள் லயத்து வாசலில் வந்து நின்றார். "ரெண்டு பேரையும் வெட்டிப் போட்டுட்டுத்தான் மறுவேல!"

சும்மா மிரட்டல் என்று எல்லோரும் சொன்னார்கள். அவர் கோபம் எனக்குத்தானே தெரியும்! என் வீட்டுக்காரர் வேலை முடிந்து வந்து சேரும்வரை எனக்குச் சோறு இறங்காது. கடைசியில் அவரே, "வா புள்ள, கோர்ட்டுக்குப் போவோம், பொலிஸ் பாதுகாப்பு கேப்போம்" என்றார். பெத்த அப்பன் மேலேயே வழக்கா என்று லயமே காறித் துப்பியது. துப்பட்டுமே! போகிற உயிர் எங்களுடையது இல்லையா?

ஹட்டன் கோர்ட்டில், அப்பாவிடம் பொலிஸ் பறித்த கத்தியைத் துணியில் சுற்றி மேசைமேல் வைத்திருந்தார்கள். பொலிஸ் எங்களைப் பாதுகாக்க வேண்டும், அப்பா என் பக்கத்தில் வரக்கூடாது என்று நீதவான் சிங்களத்தில் உத்தரவிட்டார். மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார். கத்தி இனிப் பொலிசில்தான் இருக்கும் என்றதும் எனக்குப் பொறுக்கவில்லை.

"ஐயா, கத்திய மட்டும் குடுத்துருங்க. நாளைக்கு அவருக்குக் கவ்வாத்து வேல."

என் வீட்டுக்காரர் என் முந்தானையைப் பிடித்து இழுத்தார். "பைத்தியமா புள்ள ஒனக்கு?" நீதவானும் கிட்டத்தட்ட அதையேதான் கேட்டார். இவருக்குப் பயந்துதானே இங்கே வந்தாய் என்றார்.

"பயந்தாங்கய்யா. ஆனா அவரு சாப்புடணும்ல."

மொழிபெயர்ப்பாளர் அதைச் சிங்களத்தில் சொல்லி முடிப்பதற்குள், எதிரே நின்றிருந்த அப்பா துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். பிறகு, "கத்தி வேணாங்கய்யா, அங்கயே இருக்கட்டும். கோவம் வந்தா நான் மனுசன் இல்லீங்க" என்றார். எனக்கு அவர்மேல் பாசம் பொங்கிக்கொண்டு வந்தது, பாழாய்ப்போன பாசம்.

மறுநாள் காலை ஆளெடுக்கும் பெரட்டில் வேலை பிரித்தபோது, கத்தி இல்லாத அப்பாவைக் கங்காணி எங்களோடு கொழுந்தெடுக்க அனுப்பினார். அதைப் 'பொம்பள வேல' என்று காலமெல்லாம் நக்கலடித்தவர் அப்பா. கூடைக் கயிறு நெற்றியில் நிற்காமல் வழுக்கியது. முற்றின இலையையும் சேர்த்துப் பிடுங்கினார். பெண்கள் வாயைப் பொத்திச் சிரித்தார்கள். உத்தரவுக்குப் பயந்து, என்னைவிட்டு எட்டி, கடைசி நிரையில் தனியாக நின்றார்.

அவர்தானே என் பக்கம் வரக்கூடாது? நான் போகக்கூடாதென்று யாரும் சொல்லவில்லை. கூடையோடு அவர் நிரைக்கு நடந்தேன்.

"முத்தின எலய விடுங்கப்பா, கங்காணி ஏசுவாரு."

அப்பா பதறிப்போய்ப் பின்னால் நகர்ந்தார். "கிட்ட வராத புள்ள. ஒனக்கு ஏதாச்சும் ஆயிரப் போவுது."

அவர் கையில் ஒரு பிடி கொழுந்துதான் இருந்தது.