முட்டைப் பந்தும் இடது முட்டியும்

ரக்பி என்பது பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு முன்னால் ஓடி, பின்னால் வருகிறவளிடம் அதைத் தூக்கிப் போடுவதற்குள் யாராவது மேலே வந்து விழ, தரையில் கிடக்கும் தொழில். முட்டியில் ஐஸ் பையோடு இதைப் படிக்கும் சகோதரிகளே, உங்களுக்கு இதற்குமேல் விளக்கம் வேண்டாம். மற்றவர்களுக்கு ஒன்று மட்டும்: பந்து முட்டை வடிவில் இருக்கும், எதிரணியின் கோட்டைத் தாண்டி அதைத் தரையில் அழுத்தினால்தான் பாயின்ட்.

நான் வில்லியனூரில் கான்வென்டில் படித்து, பாகூர்ப் பக்கம் வாழ்க்கைப்பட்டவள். இந்திய ஜெர்சி போட்டிருக்கிறேன். இடது முட்டியில் ஆபரேஷன் ஆகியிருக்கிறது. மடியில் இன்னும் தவழாத ஒரு பெண் குழந்தை. அடுத்த மாதம் இந்திய கேம்ப்புக்கு வரமுடியுமா என்று கோச் மெசேஜ் அனுப்பியிருக்கிறார். முட்டி மறுபடி போனால் பாப்பாவை யார் தூக்குவது என்று பயமாக இருக்கிறது. தூக்கம் வராததால் அவள் தூங்கும் நேரத்தில் இவற்றை எழுதுகிறேன்.

திரும்பி ஓடியது

பள்ளியில் நான் கபடிக்காரி. ரைடு போனால் ஆளைத் தொட்டுவிட்டு, மூச்சு விடாமல் நடுக்கோட்டுக்குத் திரும்ப வேண்டும். சிஸ்டர்கள் ஜெபம் சொல்லிக்கொடுத்த அதே வயதில் அதுவும் காலில் ஏறிவிட்டது. வேகமாக ஓடும் பெண்களைத் தேடி ஊர் ஊராக வந்த கோச் என்னையும் மணப்பட்டு செல்வியையும் ரக்பிக்கு இழுத்துக்கொண்டு போனார். செல்வி மீனவர் வீட்டுப் பெண். அவள் கையில் சிக்கிய பந்து நழுவாது.

முதல் பெரிய மேட்ச். பந்து என் கைக்கு வந்தது, வழியும் கிடைத்தது. ஓடினேன். கோட்டைத் தாண்டினேன். தாண்டியவள் பந்தைத் தரையில் வைக்கவில்லை. சடாரென்று திரும்பி, வந்த வேகத்திலேயே நடுக்கோடுவரை ஓடி, அதைக் காலால் தொட்டு, கையைத் தூக்கி நின்றேன். துரத்தி வந்த எதிரணிப் பெண்கள்கூட ஓடுவதை நிறுத்திவிட்டு என்னையே பார்த்தார்கள். கோச் தலையில் கை வைத்துக்கொண்டு கத்தினார்: "கொண்டுபோன பார்சலைக் குடுக்காமலே திரும்பி வந்துட்டியேம்மா!"

அடை காத்தது

அதற்குப் பிறகு, பந்தைத் தரையில் வைக்க மறந்துவிடுவேனோ என்ற பயம் எனக்குப் போகவேயில்லை. இந்தியாவுக்காக முதல்முறை வெளிநாட்டில் ஆடியபோது, கடைசி நிமிடத்தில் ஓரமாக ஓடிக் கோட்டைத் தாண்டினேன். இந்தமுறை பந்தைத் தரையில் வைத்து அழுத்தினேன். வைத்தது போதாதோ என்று அதன்மேலேயே படுத்துக்கொண்டேன். ரெஃபரி விசில் ஊதினார். நான் எழவில்லை. அவர் கையைத் தூக்கிப் பாயின்ட் கொடுத்தது எனக்கு எப்படித் தெரியும்? என் முகம் புல்லில் இருந்தது.

அந்த மேட்சை ஜெயித்தோம். அடுத்ததில் செம அடி வாங்கித் தோற்றோம் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஆனால் ஜெயித்ததில் எனக்கு நினைவிருப்பது கூட்டத்தின் சத்தம் இல்லை. என் இடுப்பைப் பிடித்துத் தூக்கப் பார்த்துத் தோற்றுப்போன செல்வியின் குரல்தான்: "எழுந்திருடி, எம்மா நேரம் அடை காப்ப? குஞ்சு பொரிக்காது!"

பஸ்ஸில் ரூபன்

ரூபன் என் வீட்டுக்காரர். திருவாண்டார்கோயிலில் ஒரு கம்பெனியில் ஷிப்ட் வேலை. அதிர்ந்து பேசத் தெரியாதவர். ஒருமுறை கேம்ப் முடிந்து நான் வந்தபோது, யாரோ ஒருத்தியின் முழங்கை பட்டு என் வலது கண் கறுத்து வீங்கியிருந்தது. வில்லியனூரில் அவர் என்னை அழைத்துக்கொண்டு பஸ் ஏறினார். எதிர் சீட்டில் கீரைக் கூடையோடு ஒரு அம்மா. என் கண்ணைப் பார்த்தார். பிறகு ரூபனைப் பார்த்தார். பார்வையை எடுக்கவே இல்லை.

"இன்னாய்யா, பாக்க நல்ல பையனாட்டம் கீற?" என்று ஆரம்பித்தார். ரூபன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். நான் அவசரமாக, "அவரு இல்லம்மா, விளையாட்டுல பட்டுது. பந்து விளையாட்டு" என்றேன். பக்கத்துச் சீட்டுக்காரர்களும் இப்போது ரூபனையே பார்த்தார்கள். அந்த அம்மா ஒரு கட்டு முருங்கைக்கீரையை எடுத்து என் மடியில் வைத்தார். காசு வாங்க மாட்டேன் என்றார். இறங்கும்போது என் தோளைத் தட்டிவிட்டுச் சொன்னார்: "பந்து பட்டுதாம் பந்து! நானும் என் ஆத்தாகிட்ட மாடு முட்டிச்சின்னுதான் சொல்லுவேன்."

வீட்டுக்கு வந்ததும் ரூபன் கீரைக் கட்டை வாங்கித் தானே ஆய்ந்தார். கீரை மட்டும் நன்றாக இருந்தது.

டப்

பெரிய பெரிய பெண்கள் மேலே விழுந்தபோதெல்லாம் ஒன்றும் ஆகாத முட்டி, யாருமே தொடாதபோது போனது. இரண்டாவது வெளிநாட்டுப் பயணம். வலப்பக்கம் திரும்புவதற்காகக் காலை ஊன்றினேன். ஷூ புல்லில் மாட்டிக்கொண்டது; உடம்பு மட்டும் திரும்பியது. உள்ளே டப் என்று ஒரு சத்தம். முருங்கைக்காயை ஒடித்தது போல. முட்டி எலும்புகளைக் கட்டி வைக்கும் லிகமென்ட் அறுந்துவிட்டது என்று அன்று மாலையே சொல்லிவிட்டார்கள்.

ரூபனுக்கு போன் போட்டேன். "யாரு இடிச்சது?" என்றார். யாரும் இடிக்கவில்லை என்றேன். "தள்ளி விட்டாங்களா?" இல்லை. "காலைத் தட்டினாங்களா?" அதுவும் இல்லை, நானே திரும்பினேன் என்றேன். வாழ்க்கையில் முதல்முறையாகக் கோபம் வந்த மனிதரைப் போலக் கேட்டார்: "யாருமே இடிக்கலன்னா, நான் யாரைத் திட்டுறது?"

வெள்ளிக் கால்

எங்கள் மாதா கோயிலில் காணிக்கைக்கென்று வெள்ளித் தகட்டில் கண், கை, கால் எல்லாம் அடித்து விற்பார்கள். கண் வலி சரியானால் கண், கால் சரியானால் கால் வைப்பது வழக்கம். சரியான பிறகுதான் வைக்க வேண்டும். என் மாமியார், ஆபரேஷன் முடிந்து நான் வாக்கர் பிடித்து நிற்கும்போதே வெள்ளிக் கால் வாங்கிக்கொண்டுபோய்ப் பீடத்தில் வைத்துவிட்டு வந்தார்.

"அத்தை, இன்னும் சரியாகவே இல்லையே" என்றேன். கான்வென்டில் படித்தவள் அல்லவா, முறை தவறினால் எனக்குப் பொறுக்காது. அத்தை கால்மேல் கால் போட்டு உட்கார்ந்தார். "முன்னாடியே குடுத்துட்டேன். இனிமே சரியாக்கலன்னா வெக்கம் அவங்களுக்குதான்."

வழி விட்டது

முட்டி தேறுவதற்குள் பாப்பா வயிற்றில் வந்துவிட்டாள். அவள் பிறந்து, டாக்டர் ஓடலாம் என்று சொல்லி, ஓடவும் ஆரம்பித்தேன். ஓடுவதில் பயமில்லை. பயம் வேறு இடத்தில் இருக்கிறது. பாப்பாவைத் தூக்கிக்கொண்டு மாடிப்படி இறங்கும்போது உட்கார்ந்து உட்கார்ந்துதான் இறங்குகிறேன். ரூபன் பார்த்துவிட்டால், கீழே ஏதோ விழுந்தது, தேடுகிறேன் என்பேன்.

ஊர்ப் பள்ளி மைதானத்தில் செல்வியோடு பிராக்டிஸ். முதல் நாள் பந்தோடு நேராக என்மேல் ஓடி வந்தாள். நான் மடக்கிப் பிடிக்க வேண்டும். எப்படி நடந்தது என்று தெரியவில்லை, கால் தானாக ஒதுங்கிக்கொண்டது. மறுபடி வந்தாள். மறுபடி ஒதுங்கினேன். மூன்றாவது தடவை அவள் பந்தைக் கீழே போட்டுவிட்டு இடுப்பில் கை வைத்தாள்: "இன்னாடி, வழி வுட்டுக்கினே கீற? நான் இன்னா ஆம்புலன்ஸா?"

கோட்டுக்கு உள்ளே நின்றவர்

பாப்பா புட்டிப்பால் குடிக்க மாட்டாள். அதனால் பிராக்டிஸ் நடுவே பால் கொடுக்க அத்தை அவளைத் தூக்கிக்கொண்டு மைதானத்துக்கு வருவார். எங்கள் பக்கம் கபடி பார்க்கிறவர்கள் கோட்டை ஒட்டி நிற்பார்கள். ஆட்டம் சூடு பிடித்தால் கோட்டுக்குள்ளேயே வந்துவிடுவார்கள். அத்தையும் அப்படியே பாப்பாவோடு உள்ளே வந்து நின்றிருந்தார். செல்வி தலையைக் குனிந்துகொண்டு ஓரமாக ஓடி வருகிறாள். அவள் அவர்களைப் பார்க்கவில்லை. நான் பார்த்தேன்.

அப்போது எனக்கு முட்டி என்று ஒன்று இருந்ததே ஞாபகமில்லை. பாய்ந்து செல்வியின் இடுப்பைப் பிடித்தேன்; இரண்டு பேரும் புழுதியில் உருண்டோம். பந்து எங்கோ போனது. அசையாமல் படுத்திருந்தேன், அந்த டப் சத்தத்துக்குக் காத்துக்கொண்டு. காக்கா கத்தியது. செல்வி என் காதருகே மூச்சு வாங்கினாள். வேறு சத்தம் ஒன்றும் வரவில்லை. பாப்பா மட்டும் பசியில் அழ ஆரம்பித்தாள்.

"கால் போயிருக்குமோ அத்தை?" என்றேன், எழாமலே. அத்தை வந்து மேலிருந்து பார்த்தார். பாப்பாவை என் பக்கம் நீட்டினார். "எழுந்து வாம்மா, புள்ளைக்குப் பசி. வெள்ளிக் கால வச்சாச்சி, மாதாகிட்ட திருப்பிக் கேக்க முடியாது."

எழுந்தேன். கால் வந்தது. கோச்சுக்கு "வருகிறேன் சார்" என்று பதில் அனுப்பிவிட்டேன். அனுப்பிய பிறகும் மாடிப்படியில் உட்கார்ந்துதான் இறங்கினேன். இந்த ஆட்டத்தில் பந்தைப் பின்னால் வருகிறவளிடம் தள்ளிவிட்டுவிடலாம், பயத்தை வாங்கிக்கொள்ளத்தான் பின்னால் யாரும் வருவதில்லை என்பதால், அதையும் இன்னொரு கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடப் பழகிக்கொண்டிருக்கிறேன்.