எல்ல நைட் கிளப்பின் ஞாயிற்றுக்கிழமைகள்

இலங்கை மலைநாட்டின் எல்ல நகரில் அந்த நைட் கிளப் இருந்த இடத்தில் இப்போது பீட்சா விற்கிறார்கள். அந்த வழியாகப் போகும்போதெல்லாம் எனக்கு வயிற்றெரிச்சலாக இருக்கும். பெயர்தான் நைட் கிளப். ஞாயிற்றுக்கிழமைகளில் மத்தியானச் சாப்பாடு முடிந்ததுமே பாட்டைப் போட்டுவிடுவார்கள். வெள்ளைக்காரப் பயணிகள் மலையேறிவிட்டு வந்த சேற்றுச் சப்பாத்தோடு ஆடுவார்கள். நான் மூலையில் ஒரு இஞ்சிச் சோடாவை வைத்துக்கொண்டு அவர்களைப் பார்த்துக்கொண்டிருப்பேன். என் எம்.ஏ. பட்டத்துக்கு நான் எடுத்துக்கொண்ட தலைப்பே அதுதான்: பாட்டு, அதைக் கேட்கிறவர்கள், அவர்களுக்குள் உண்டாகும் உறவு.

“அடுத்தவன் ஆடுறத பாத்துக்கிட்டு இருக்குறதுக்கு பட்டம் குடுக்குறாங்களா?” என்று எங்கள் பூனாகலைத் தேயிலைத் தோட்டத்தில் அம்மா லயத்து வீட்டு வரிசை முழுக்கக் கேட்கும்படி சிரிப்பார். அம்மாவைக் குறை சொல்ல முடியாது, எனக்கே சில நாள் அப்படித்தான் தோன்றும். ஆனாலும் அந்த மூலையை விட்டு எழுந்து வர மனசு வராது. முன்பின் தெரியாதவர்கள் ஒரே பாட்டுக்குத் தோளில் கைபோட்டு ஆடுவதைப் பார்த்தால் எனக்கு அவ்வளவு சந்தோஷம். அந்தச் சந்தோஷம் பிறகு வேறெங்கும் கிடைக்கவில்லை.

என்னை அங்கே கூட்டிப் போனது என் சித்தி மகன், எனக்குத் தம்பி முறை. அவன் அங்கே வெயிட்டர். எங்கள் தோட்டத்துப் பையன்கள் வேறு சிலரும் வேலை பார்த்தார்கள். தம்பியின் வேலையை அந்த மாதக் கடைசியில் நிரந்தரமாக்குவதாக மேனேஜர் வாக்குக் கொடுத்திருந்தார். அது மட்டும் ஆகிவிட்டால் சித்தியைக் கொழுந்து பறிக்கப் போகவிடாமல் வீட்டில் உட்கார வைத்துவிடுவேன் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தான்.

பாட்டுப் போடும் டீஜே கொழும்புக்காரர், நல்ல மனுஷன். ஒரு ஞாயிறு என்னிடம் வந்து, “உங்க ஊர் தப்பு மேள அடிய பண்டாரவளை ரோட்டுல போன்ல பதிஞ்சு எடுத்துட்டேன். இன்னைக்குப் போடப்போறேன், கேளுங்க” என்றார். முகமெல்லாம் பூரிப்பு.

போட்டார். அடிக்கு மேல் ஏதேதோ சேர்த்து மெருகேற்றியிருந்தார். வெள்ளைக்காரர்கள் துள்ளிக் குதித்தார்கள். எங்கள் தோட்டங்களில் கல்யாணத்துக்கு ஒரு அடி, தேருக்கு ஒரு அடி, சாவுக்கு ஒரு அடி. அவர் பதிந்து வந்தது சாவு அடி, பிணம் சுடுகாட்டுக்குப் போகும்போது அடிப்பது. அது காதில் விழுந்தால், யார் வீட்டுச் சாவானாலும் சரி, எங்கள் ஆட்கள் கையிலிருப்பதைக் கீழே வைத்துவிட்டு, ஊர்வலம் கடக்கும் வரை அப்படியே நிற்பார்கள்.

எங்கள் பையன்கள் தட்டுகளை வைத்துவிட்டார்கள். தொப்பியைக் கழற்றினார்கள். ஆட்டத்துக்கு நடுவில் தம்பி தலை குனிந்து நின்றான். டீஜே காதில் ஹெட்போனோடு கண்ணை மூடி ஆடிக்கொண்டிருந்தார். மேனேஜர் ஓடி வந்து சிங்களத்தில் கத்தினார். மற்றப் பையன்கள் பயந்து தட்டுகளை எடுத்துக்கொண்டார்கள். தம்பி மட்டும் அசையவில்லை. தட்டை எடு, இல்லையென்றால் வீட்டுக்குப் போ, திரும்பி வராதே என்றார் மேனேஜர். நான் மூலையிலிருந்து கண்ணைக் காட்டினேன், கையைக் காட்டினேன். படுபாவி என் பக்கம் திரும்பவேயில்லை. அடி ஓயும் வரை நின்றான். பிறகு தொப்பியை ஒரு மேசையில் வைத்துவிட்டு வெளியே நடந்தான்.

பஸ் நிற்கும் இடத்தில்தான் அவனைப் பிடிக்க முடிந்தது. சித்தியை நினைத்து எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன.

“ஒனக்கு மண்டையில ஏதாச்சும் இருக்காடா? சித்திகிட்ட என்னத்த சொல்லப்போற? அது சும்மா ரெக்கார்டிங். அங்க யாரு பொணம் போச்சு?”

“யாருன்னு தெரியலக்கா” என்றான். “ஆனா யாரோ செத்துத்தானே அத அடிச்சிருக்காங்க.”