மீர் விழுந்த வெள்ளிக்கிழமை

பீடித் தூளின் காரம் மூக்கில் ஏறித் தும்மல் வரும்போதெல்லாம் எனக்கு விண்வெளி ஞாபகம் வரும். தென்காசியில் எங்கள் வீட்டு முன்னறையில் தெருப்பெண்கள் ஏழெட்டுப் பேர் மடியில் "சுளவு" என்கிற முறத்தை வைத்துப் பீடி சுற்றுவார்கள். அவர்கள் தலைக்கு மேலே சுவரில், பீடித் தொழிலாளர் சங்க வாசகசாலையில் அம்மா கேட்டு வாங்கிவந்த ரஷ்யப் பத்திரிகையின் வழவழப்பான தாள் ஒன்று சோற்றுப் பசையால் ஒட்டப்பட்டிருக்கும். அதில் இருந்ததுதான் மீர் விண்வெளி நிலையம். முதலில் ஓர் அறையை மேலே அனுப்பி, பிறகு பத்து வருடமாக ஒவ்வோர் அறையாக அனுப்பி, வானத்திலேயே கோத்துக் கட்டினார்கள் என்று அம்மா விளக்குவாள். பாவூர்சத்திரம் சந்தைக்கு டெம்போ ஓட்டிய அப்பாவுக்கோ அது நாலு மினிபஸ் ஒன்றோடொன்று மோதி நிற்பதுபோலத்தான் தெரிந்தது.

நான் பிறந்தபோது மீர் என்றே பெயர் வைக்கப் பார்த்தாளாம். "பொம்பளப் பிள்ளைக்கு அது என்ன பேரு, ஆம்பளையாளு பேரு மாதிரில்லா இருக்கு" என்று அப்பா மறுக்க, ஒரு துணைக்கால் போட்டு மீராவாக்கினார்கள். ஊரார் பக்திப் பெயர் என்று நினைத்துக்கொண்டார்கள், அம்மா திருத்தவில்லை.

இலை வெட்டிக்கொண்டே அம்மா சொல்லும் மீர் கதைகளை எல்லோரும் கேட்பார்கள். ஒருமுறை உள்ளே தீப்பிடித்தது, ஒருமுறை சரக்குக்கலம் வந்து இடித்தது, இருந்தும் ஆட்கள் தப்பினார்கள் என்பாள். ஒருவர் மேலே சுற்றிக்கொண்டிருக்கும்போதே கீழே அவருடைய நாடு பல நாடுகளாகப் பிரிந்துபோனதையும் சொன்னாள். பக்கத்து வீட்டு உலகம்மாள் அத்தை கத்தரியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டாள். "அப்போ அவன் எறங்கி வந்து ரேஷன் கார்டுக்கு எந்த ஆபீஸ்ல போயி நிப்பான்?"

எனக்குப் பதினொரு வயதில், மீர் பழசாகிவிட்டது, கடலில் இறக்கப்போகிறார்கள் என்று செய்தி வந்தது. பள்ளிக்கூடத்தில் "ஏட்டி மீரா, நீ என்னைக்கு விழப்போற?" என்று கேட்டே என்னை அழவைத்தார்கள். அப்பா சந்தையிலிருந்து தக்காளியோடு வதந்தியையும் ஏற்றி வந்தார்: அது குற்றாலம் மலையில்தான் விழுமாம், கேரளாக்காரர்களே சொல்லுகிறார்களாம்.

மற்றவர்களுக்கு அது பேச்சு. உலகம்மாள் அத்தைக்கு அப்படி இல்லை. அவள் மகள் பேச்சிக்கு நிறைமாதம். மகளைப் பண்பொழியில் சொந்தக்காரர் வீட்டுக்குப் பஸ்ஸில் கூட்டிப்போய்விடுவது என்று துணியெல்லாம் கட்டிவிட்டாள்.

அம்மா போய் அத்தை வீட்டு வாசலில் நின்றாள். "மைனி, குண்டும் குழியுமா கெடக்குற ரோட்டுல நெறமாசக்காரிய ஏத்தாதீங்க. நர்ஸம்மாவும் வேண்டாம்னுதான சொல்லுதாக."

"நீ பேசாத செல்வி. ஒன் ரஷ்யாக்காரன் எங்க போடுதான்னு ஒனக்குத் தெரியுமா?"

"ஆளே இல்லாத கடலாப் பாத்துத்தான் எறக்குதான். நா வந்து பேச்சி பக்கத்துல இருக்கேன். விழுந்தா எம்மேலயும் விழட்டும்."

அத்தை அரைமனதாக மூட்டையை அவிழ்த்தாள்.

அந்த வெள்ளிக்கிழமை எங்கள் தெருவில் ஒரு பிள்ளையும் பள்ளிக்கூடம் போகவில்லை. பதினொன்றரை மணிவாக்கில் விழும் என்று சொல்லியிருந்தார்கள். பேச்சி அக்கா கட்டிலில் படுத்திருக்க, அம்மா கால்மாட்டில் அமர்ந்து பீடி சுற்ற, நான் கதவோரம் ஒட்டிக்கொண்டு நின்றேன். நேரம் நெருங்க நெருங்க அத்தையின் உதடு சாமி பெயர்களை வேகவேகமாகச் சொல்லிக்கொண்டிருந்தது. அப்போது அடுக்களையில் தடாலென்று ஒரு சத்தம். அத்தை பாய்ந்து மகள்மேல் குடைபோலக் கவிழ்ந்துகொண்டாள். அம்மா கை நூலை விடாமல் எட்டிப் பார்த்தாள்.

"பூனை மைனி. செம்பத் தள்ளிவிட்டுட்டு."

பேச்சி அக்காதான் முதலில் சிரித்தாள். "எம்மா, எந்திரி, நீ விழுந்ததுதான் கனம்" என்றாள். அத்தைக்கும் சிரிப்பு வந்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு, "மீர்னா என்னதான்ட்டி அர்த்தம்?" என்று கேட்டாள்.

"சமாதானம்னு ஒரு அர்த்தம். ஒலகம்னு இன்னொரு அர்த்தம்."

அத்தை எழுந்து சேலையைச் சரிசெய்தாள். பிறகு, "எம்பேரையா வச்சிருந்தான்? இத முன்னயே சொல்லப்படாதா?" என்றாள். கோபமா பெருமையா என்று எனக்குத் தெரியவில்லை.

மதியம் வானொலியில், தூரத்துப் பசிபிக் கடலில் விழுந்துவிட்டதாகச் சொன்னார்கள். தெரு கலைந்து சோறு தின்னப் போனது. அம்மா மட்டும் சாப்பிடவில்லை.

இரண்டு நாள் அப்படியே கிடந்தவளை ஞாயிற்றுக்கிழமை அத்தை வந்து எழுப்பினாள். "பேருக்காரி நான் இருக்கேன். வா, தலை முழுகிட்டு வருவோம்." மூவரும் குற்றாலம் போனோம். பங்குனி வெயிலில் மெயின் அருவி, திருகி மூடிய குழாய்போல ஒரே ஒரு கோடாக வழிந்தது. அதற்கும் ஒரு வரிசை. எண்ணெய் வழிய நின்ற ஒரு பெண் எங்கள் முகத்தைப் பார்த்து இழவு வீடு என்று நினைத்து, "யாரும் துட்டியா?" என்று கேட்டாள்.

"ஆமா, ரஷ்யாவுல ஒரு சொந்தம்" என்றாள் அத்தை, சற்றும் யோசிக்காமல். அந்தப் பெண் விலகி எங்களுக்கு வழிவிட்டாள். அம்மா அந்த ஒற்றைக் கோட்டுத் தண்ணீருக்குக் கீழே தலையைக் கொடுத்து, தோள் குலுங்க அழுததை அன்றுதான் பார்த்தேன். அடுத்த வாரம் பேச்சி அக்காவுக்குச் சுகமாகப் பெண்குழந்தை பிறந்தது.

இப்போது உலகம்மாள் அத்தை இல்லை. வாசகசாலை இருந்த இடத்தில் செல்போன் கடை வந்துவிட்டது. எங்கள் தெருவில் பீடி சுற்றுகிறவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். மீருக்கு அடுத்தது என்று செய்யத் தொடங்கிய அறை, பல நாடுகள் சேர்ந்து நடத்தும் புதிய நிலையத்தில் சேர்ந்து இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது. போன மாதம் அந்திக் கருக்கலில் அது மலைக்கு மேலே வெள்ளைப் புள்ளியாக ஏறியபோது அம்மாவை மொட்டைமாடிக்குக் கைபிடித்துக் கூட்டிப்போனேன். இதையும் சில வருடங்களில் கடலில் இறக்கப்போகிறார்கள் என்றேன்.

புள்ளி மறையும்வரை பார்த்துவிட்டு அம்மா கேட்டாள்: "ஆளுகள மொதல்ல எறக்கிருவாக, இல்லா?"

"ஆமாம்மா."

"அப்போ சரி" என்று படிக்கட்டைப் பார்த்து நடந்தாள்.