திரும்பிப் பார்த்த மருதாயி

சுருளிவேல் ராஜபார்ட் கட்டிய காலத்தில் அவன் பாடினால் கடைசி வரிசைக்கும் கணீரென்று கேட்கும். அந்தத் தொண்டையை நம்பித்தான், "பங்குனிக்கு வந்துர்றேன்" என்று பொண்டாட்டி மருதாயியிடம் சொல்லிவிட்டு நாடகக் கம்பெனியோடு போனான். பன்னிரண்டு பங்குனி போனது. கம்பெனியும் கலைந்தது. 1921இல் போடிக்குத் திரும்பியவனோடு கூட வந்தது, கப்பலேறப் போன ஒரு துரையிடம் வாங்கிய, கையால் சுற்றிச் சினிமாப் படம் எடுக்கவும் காட்டவும் கூடிய பெட்டி ஒன்றுதான்.

மருதாயி குரங்கணிக்கு மேலே ஏலத்தோட்டத்தில் காய் எடுத்துக்கொண்டிருந்தாள். நேரே போய் "வந்துட்டேன்" என்று சொல்ல அவனுக்குத் தைரியம் இல்லை. படம் எடுக்க வந்ததாகச் சொல்லிக்கொண்டு மலையேறினான். ஊர் ஊராக ராஜாவாக நின்றவனுக்குச் சொந்தப் பொண்டாட்டி முன்னால் நிற்க ஒரு சாக்கு வேண்டியிருந்தது.

மரநிழலில் படம் விழாது. வெயில் இறங்கும் இடமாகப் பார்த்துப் பெட்டியை நிறுத்திச் சுற்றினான். அவ்வளவுதான், தோட்டமே சிலையாகிவிட்டது. போட்டோக் கடைக்கு ஒருதரம் போய்வந்த கங்காணி ஜக்கையன், "யாரும் ஆடாதீக! அசஞ்சா மூஞ்சி அழிஞ்சுபோகும்" என்று மூச்சைப் பிடித்துக்கொண்டே அதட்டினார்.

"அண்ணே, இது ஆடுற படம். சோலியப் பாருங்க" என்று இவன் கெஞ்சியதை ஒருவரும் நம்பவில்லை.

ஒருத்தி மட்டும் அசைந்தாள். முதுகைக் காட்டியபடி செடித்தூரில் குனிந்தாள், காயெடுத்தாள், நகர்ந்தாள், மறுபடி குனிந்தாள். அவன் முகத்தில் விழிக்கக்கூடாது என்ற கோபம் மருதாயிக்கு. மூன்று நாளும் அவன் அந்த முதுகையே எடுத்தான். சபையைப் பார்த்தே நின்று பழகியவனுக்கு, தன்னைப் பாராத ஒருத்தியை விட்டுப் பெட்டியைத் திருப்ப மனம் வரவில்லை. ஒருதரம் திரும்பினால் போதும், மன்னித்துவிட்டாள் என்று எடுத்துக்கொள்ளலாம் எனக் காத்திருந்தான்.

மூன்றாம் நாள் திரும்பினாள். நேருக்கு நேர் பார்த்து இரண்டு வார்த்தை சொல்லிவிட்டு, மறுபடி குனிந்துகொண்டாள். அப்போதாவது பெட்டியைப் போட்டுவிட்டு அவளிடம் ஓடியிருக்கலாம், மடையன். அவன் கை சுற்றிக்கொண்டே இருந்தது.

போடியில் கொட்டகை போட்டுக் காட்டினான். சிலையாக நின்றவர்களைப் பார்த்துக் கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. மருதாயியின் முதுகு வந்ததும் அடங்கியது. பேசாத படத்துக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்வதும் அவனேதான்.

"அண்ணே, அந்தப் பொம்பள என்ன சொல்லுது?" என்று, அவள் திரும்பி வாயசைத்ததும் ஒருவன் கத்தினான்.

"'வெரசா வாங்க, கஞ்சி ஆறுது'ன்னு சொல்லுது" என்றான் சுருளிவேல், பழைய ராஜபார்ட் குரலில். கூட்டம் சொக்கிப்போனது.

அதற்குப்பின் அவன் எடுத்த படங்களில் யாரும் பெட்டியைப் பார்ப்பதில்லை. வண்டி ஓட்டுகிறவனையும் துணி துவைக்கிறவளையும் பின்னாலிருந்தே எடுத்தான். ஆனால் எந்த ஊரிலும் ஜனங்கள் கேட்டது மருதாயியைத்தான். கம்பத்தில் அவள், "மழை வருது, நனையாதீக" என்றாள். மதுரையில், "எப்ப வந்தீக?" என்றாள். ஊருக்கு ஒரு பேச்சு. மலைக்கு மட்டும் அவன் திரும்பப் போகவில்லை.

கூட்டம் கலைந்தபின், காலிக் கொட்டகையில் படச்சுருளைச் சுற்றிவைக்கும்போது, அவள் சொன்னதை அப்படியே ஒருதரம் சொல்வான்:

"பெட்டியத் தூக்கிட்டுக் கெளம்புங்க. நீங்க இல்லாம இருக்கப் பழகிப்போச்சு."