துரைசாமியின் கண்ணுக்கு ஒன் மோர்!

போன ஞாயிற்றுக்கிழமை நானும் சினிமாக்காரன் ஆகிவிட்டேன். பெரிய வேலைதான் — தெர்மாகோல் அட்டையைப் பிடித்துக்கொண்டு ஜன்னல் வெளிச்சத்தை ஓர் ஓவியரின் முகத்தில் திருப்பி விடுவது!

ஓவியர் பெயர் சரோஜா. எல்லோருக்கும் சரோஜா அக்கா. அவிநாசிப் பக்கம் வீடு. பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை, மிச்ச நேரமெல்லாம் ஓவியம். அவரைப் பற்றி டாகுமெண்டரி எடுக்கிறான் என் நண்பரின் மகன் பிரபு. சென்னைப் பையன். வீட்டில் சும்மா இருந்த என்னை இழுத்துக்கொண்டு போய்விட்டான்.

அன்று அக்கா முடிக்க வேண்டியது கணவர் துரைசாமியின் படம். சாயங்காலம் வேன் வந்துவிடும். கோவையில் கண்காட்சி... அக்காவின் முதல் கண்காட்சி. மீசை, தோளில் துண்டு எல்லாம் ரெடி. கண்மணி மட்டும் பாக்கி.

“கண்ணு கடைசீலதானுங்க வெக்கோணும். அப்பத்தான் படத்துக்கு உசுரு வரும்” என்றார்.

பிரபுவுக்குப் புல்லரித்துவிட்டது. “அக்கா, அதான் என் க்ளைமாக்ஸ்!”

அக்கா கண் வைத்தார். “ஃபோகஸ் போச்சுக்கா... ஒன் மோர்!” பனியன் வேஸ்ட் துணியால் துடைத்துவிட்டு மறுபடி வைத்தார். பக்கத்து வீட்டு மிக்ஸி அலறியது. “ஒன் மோர்!”

வீடு தேடி வந்தவரிடம் முடியாது என்று சொல்ல அந்த ஊர்க்காரர்களுக்கு வருமா? “ஆகட்டுங்க” என்று ஒவ்வொரு முறையும் துடைத்தார். துடைக்கத் துடைக்கக் கன்னம் கறுத்தது, கண் பெருத்தது. கரண்ட் பில்லைக் கையில் வாங்கியவர் மாதிரி முழித்தார் படத்துத் துரைசாமி.

மதியச் சாப்பாட்டை முடித்துவிட்டு மாடலாக உட்கார்ந்திருந்த நிஜத் துரைசாமி எட்டிப் பார்த்தார். “ஏன் அம்மிணி, நான் இப்படியா முழிக்கறேன்?”

அக்கா சிரிக்கவில்லை. கடிகாரத்தைப் பார்த்துவிட்டு மறுபடி துடைத்தார். எனக்குப் பாவமாகப் போய்விட்டது.

பிரபுவை மட்டும் சொல்லி என்ன? தாலி கட்டி முடித்த மாப்பிள்ளையையே, “கையை இன்னொரு தடவை கொண்டு போங்க சார்” என்று போட்டோகிராபர் கேட்கிற காலம் இது. நாமும் பல்லைக் காட்டிக்கொண்டு கொண்டுபோகிறோமே!

“கடைசியா ஒரே ஒரு...” என்று பிரபு ஆரம்பித்தான். அக்கா எழுந்துவிட்டார்.

“கோவிச்சுக்காதீங்க கண்ணு. உங்க கேமராவுக்கு வேணுங்கிற மட்டும் வரஞ்சுட்டனுங்க. இனி இவருக்காக வரையோணும். கொஞ்சம் வெளிய இருங்க, அப்பறமா காப்பி போட்டுத் தாரேன்.”

வெளியே அனுப்புவதிலும் எத்தனை மரியாதை! கதவு சாத்திக்கொண்டது. உள்ளே அக்காவும் மாடல் துரைசாமியும் மட்டும். பிரபு வேறு வழியில்லாமல் கதவையே படம் எடுத்தான். நான் கதவுக்குத் தெர்மாகோல் பிடித்தேன்.

வேன் ஹாரன் அடித்தபோதுதான் கதவு திறந்தது. படத்திலிருந்து துரைசாமி பார்த்தார். பெண்டாட்டியிடம் மட்டும் ஒரு மனுஷன் காட்டுகிற கனிவான பார்வை. நான் தெர்மாகோலைக் கீழே வைத்துவிட்டேன்.

பிரபு விடுவானா? மைக்கை நிஜத் துரைசாமியிடம் நீட்டினான். “சார், அந்தக் கண் திறந்த நிமிஷத்தை நேர்ல பார்த்த ஒரே ஆள் நீங்கதான். எப்படி இருந்துச்சு?”

அவர் கொட்டாவியை அடக்கிக்கொண்டு சொன்னார்:

“தெரியலீங்க தம்பி... நான் தூங்கிட்டனுங்க!”