வேனின் மஞ்சள் விளக்கு

அம்மாவின் தம்பியான எங்கள் மாமா, ஒரு ஹேர்பின்னை வைத்துக்கொண்டு வண்டியைப் பேசவைப்பார். கோளாறு பார்க்கும் கருவி அப்போது விருத்தாசலத்தில் எங்களுக்குத் தெரிந்த எந்த மெக்கானிக்கிடமும் கிடையாது. ஸ்டியரிங்குக்குக் கீழே ஒரு சாக்கெட்டில் இரண்டு ஓட்டைகளை ஹேர்பின்னால் இணைத்துச் சாவியைத் திருப்பினால், மீட்டரில் மஞ்சள் விளக்கு கண் சிமிட்டும். எத்தனை சிமிட்டலோ அதுதான் கோளாறின் நம்பர். ஒன்று சிமிட்டி, நிறுத்தி, இரண்டு சிமிட்டினால் வண்டியில் கோளாறே இல்லை. எண்ணுவது என் வேலை. அதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு.

அந்த வாரம், சேத்தியாத்தோப்பில் கட்டிக்கொடுத்திருந்த அக்கா ஒற்றைப் பையோடு வந்து நின்றாள். திரும்பிப் போகமாட்டேன் என்றாள். கை கன்றியிருந்ததைக் கேட்டவர்களிடமெல்லாம், "குக்கர் சுட்டுடுச்சு" என்றாள். நான் நம்பினேன். அப்பாவோ, வெள்ளிக்கிழமை நானே கொண்டுவந்து விடுகிறேன் என்று சம்பந்தி வீட்டுக்குப் போன் போட்டுச் சொல்லிவிட்டார். சொன்ன சொல் தவறினால் ஊரில் தலைகாட்ட முடியாது என்று நினைக்கிறவர் அவர்.

வெள்ளிக்கிழமை காலை அக்கா அப்பாவின் வேனில் ஏறி உட்கார்ந்தாள். வேன் முனகியதே தவிரக் கிளம்பவில்லை. முந்தின சாயங்காலம் அதை ஓட்டிவந்து நிறுத்தியது மாமாதான். கூப்பிட்டதும், காத்திருந்தவர் போல வந்து சேர்ந்தார். அம்மா கொண்டையிலிருந்து ஹேர்பின்னை உருவிக் கொடுத்தாள்.

ஒன்று. பிறகு இரண்டு. மறுபடியும் அதேதான்.

"நாலு, ரெண்டு. சென்சாரு பூடுச்சி மச்சான். மெட்ராஸ்லேர்ந்துதான் வரணும்" என்றார் மாமா.

"இல்ல மாமா, ஒன்னு, ரெண்டு! வண்டியில ஒன்னுமே இல்ல!" என்று கத்தினேன். அம்மா என் தோளைப் பிடித்து அழுத்தினாள். மாமாவின் முகம் செத்துப்போனது.

ஸ்டியரிங் முன்னால் உட்கார்ந்திருந்த அப்பா கண்ணாடியில் பின் சீட்டைப் பார்த்தார். அக்கா முன் சீட்டின் கம்பியை இறுகப் பிடித்திருந்தாள். தலைப்பு விலகி, கன்றிய இடம் தெரிந்தது. பீங்கான் சூளையில் சூடுபட்டே பழகிய அப்பாவுக்கு, அது சூடுபட்ட காயம் இல்லை என்று யாரும் சொல்லவேண்டியதில்லை.

சாவியை உருவிக்கொண்டு இறங்கினார்.

"சென்சாரு வரட்டும். எறங்கும்மா, வூட்டுக்குள்ள போ. அவங்களுக்கு நான் சொல்லிக்கிறேன்."

அப்பாவின் பட்டறையில் செய்வதே பீங்கான் பியூஸ் கட்டைதான். வீட்டில் எது நின்றாலும் முதலில் பியூஸைத்தான் பார்ப்பார். அன்றைக்கு வேனின் பியூஸ் பெட்டியை அவர் திறக்கவே இல்லை. மாமாவின் சட்டைப்பையில் நீல நிறத்தில் ஒரு குட்டி பியூஸ் துருத்திக்கொண்டிருந்தது எனக்கே தெரிந்தது. அப்படி ஒன்றைக் கழற்றிவிட்டால் வண்டி கிளம்பாது, மஞ்சள் விளக்கும் அதைக் கோளாறாகச் சொல்லாது என்பதுதான் அன்று எனக்குத் தெரியாது.

அக்கா அதன்பிறகு சேத்தியாத்தோப்புக்குப் போகவில்லை. ஆனால் அன்று எனக்கு இருந்ததெல்லாம் ஒரே ஆத்திரம்தான். சரியாக எண்ணியவள் நான், அப்பா கேட்டுக்கொண்டதோ மாமாவின் பேச்சை. மத்தியானம் சோறு வேண்டாமென்று மூலையில் உட்கார்ந்துகொண்டேன். அக்காதான் தட்டோடு வந்தாள். கன்றிய கையால் பிசைந்து ஊட்டிக்கொண்டே, "நீ எண்ணுனதுதான்டி சரி" என்று மெல்லச் சொன்னாள்.

என் கணக்குச் சரி என்றால், இவள் எப்படி இங்கே உட்கார்ந்து எனக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருக்கிறாள் என்பதுதான் எனக்கு விளங்கவே இல்லை.